குறைத்து ஒலித்த சங்கீதம்

திரைப்படம் என்றாலே பாட்டுக் கச்சேரி என்று ஜனங்களும் முதலாளிகளும் ஒருசேர நம்பியிருந்த 1960-ஆம் ஆண்டில், வங்காளத்திலிருந்து வந்த நிமாய் கோஷ் இயக்கிய 'பாதை தெரியுது பார்' என்னும் படத்தின் வாயிலாகத் தமிழ் ரசிகர்களின் செவிக்கு எட்டியவர் எம். பி. சீனிவாசன். 1925-இல் சித்தூரில் பிறந்து, மாணவப் பருவத்திலேயே பொதுவுடைமை இயக்கத்தில் ஈடுபட்டுவிட்ட அவருக்குச் சங்கீதமும் தொழிலாளர் நலனும் ஒரே காரியமாகவே இருந்தன. கால்ஷீட் கணக்கில் கூலி பெற்று, வாசித்த மறுகணமே மறக்கப்பட்டுவந்த வாத்தியக் கலைஞர்களைத் திரட்டி, சென்னையில் அவர்களுக்கென ஒரு சங்கம் அமைய அவர் முன்னின்றார் என்பதை அவருடைய மெட்டுகளைப் போற்றுவோர்கூட அதிகம் நினைப்பதில்லை. அவர் கலையை அறிய அதுவே முதற்படி என்பது என் துணிபு. வாசிக்கிறவனுடைய உழைப்பின் அருமை தெரிந்தவர், அதைக் காட்சிக்குக் காட்சி வாரி இறைக்க மனம் கொள்வாரா?

தமிழ்ப் படவுலகம் அவரை அதிகம் அழைக்கவில்லை, மலையாளம் அழைத்தது. யேசுதாஸ் திரைக்காக முதன்முதலில் பாடியது அவருடைய இசையில்தான். 1972-இல் சித்ரலேகா என்ற கூட்டுறவு அமைப்பின் சார்பில் அடூர் கோபாலகிருஷ்ணன் எடுத்த 'சுயம்வர'த்துக்கு அவரே இசையமைத்தார். அதற்கடுத்த 'கொடியேற்ற'த்தில் பின்னணி இசையை அடியோடு விலக்கிவிட்ட அடூர், இடிந்துவரும் ஒரு தறவாட்டின் கதையான 'எலிப்பத்தாய'த்துக்கு 1981-இல் மீண்டும் அவரையே நாடினார் என்பது சிந்திக்கத்தக்கது. இசையே வேண்டாம் என்று துணிந்த ஓர் இயக்குநர், நிசப்தத்தைக் கெடுக்காத இசை எவரிடம் கிடைக்கும் என்று தேடியபோது, ரீரிக்கார்டிங் என்ற பெயரில் படச்சுருளின் ஒவ்வோர் அடியையும் வாத்தியங்களால் நிரப்பிவந்த அந்நாளைய சென்னையில், அவ்விதம் நிரப்ப மறுத்த இந்த ஒருவரிடம் வந்து சேர்ந்தார் என்றே நான் கொள்கிறேன்.

இதற்கிடையே 1977-இல் ஜான் ஆபிரகாமின் 'அக்கிரஹாரத்தில் கழுதை'க்கு இசையமைத்ததுடன், தாயற்ற கழுதைக் குட்டியை வீட்டில் வளர்த்து ஊராரின் ஏளனத்துக்கு ஆளாகும் பேராசிரியராக நடித்தவரும் அவரே. ஊதியத்தைப் பெரிதாக எண்ணியவர் இத்தகைய படத்தின் பக்கமே வந்திருக்கமாட்டார்.

பிற்காலத்தில் அவருடைய சிரத்தை பெரிதும் சேர்ந்திசையின்பால் சென்றது. தனிக்குரலின் வித்வத்தையே சங்கீதமென்று போற்றிவந்த சென்னையில், இளைஞர்களையும் யுவதிகளையும் கூட்டி, பாரதியின் பாடல்களைப் பல குரல்கள் இயைந்தொலிக்கும்படி பயிற்றினார். 1988 மார்ச்சில் இலட்சத்தீவில் அவர் காலமான பின்னரும், அவர் பெயரைத் தாங்கி அந்தக் குழு தொடர்ந்து பாடிற்று.