எல். வைத்தியநாதன்

எல். வைத்தியநாதன் (1942–2007) தமிழ், கன்னடத் திரைப்படங்களுக்கும் தொலைக்காட்சிக்கும் இசையமைத்த வயலின் கலைஞர். 'மால்குடி டேஸ்' என்ற இந்தித் தொலைக்காட்சித் தொடரின் முகப்பிசை இவருடையது. அந்த மெட்டை முணுமுணுப்பவர்கள் ஏராளம். அமைத்தவர் பெயரை அறிந்தவர்கள் சிலரே. இது பெருங்குறை.

தந்தை வி. லட்சுமிநாராயணா யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்த வயலின் ஆசான். 1958 இனக்கலவரத்தை அடுத்துக் குடும்பம் சென்னைக்குப் பெயர்ந்தது. அவ்வன்முறையில் இலங்கை இழந்தவற்றை எண்ணும்போது இந்த வீட்டையும் சேர்த்தே எண்ண வேண்டும். தம்பியரில் எல். சுப்பிரமணியம் பின்னாளில் 'சலாம் பாம்பே' (1988) படத்துக்கு இசையமைத்தார், எல். சங்கர் கிதார் கலைஞர் ஜான் மெக்லாக்லினுடன் 'சக்தி' இசைக்குழுவில் வாசித்தார். மூவரும் ஒரே மேடையில் சேர்ந்து வாசித்ததும் உண்டு.

இளையராஜாவைப் போலவே வைத்தியநாதனும் இசையமைப்பாளர் ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து திரையிசை பழகியவர். கன்னடத்தில் சி. அஸ்வத்துடன் இணைந்து 'அஸ்வத்–வைத்தி' என்ற பெயரில் இசையமைத்தார். 'ஆலெமனெ' (1981) அந்த இணைக்குப் பெயர் தேடித் தந்த படங்களுள் ஒன்று.

தமிழில் இவருடைய தலைசிறந்த பணி, கே. ஹரிஹரன் இயக்கிய 'ஏழாவது மனிதன்' (1982). பாரதி நூற்றாண்டில் வந்த இப்படத்தின் பாடல்கள் பாரதியாருடையவை. மேடையிலும் பள்ளியிலும் பலமுறை கேட்டுப் பழகிய கவிதைகளுக்குப் புது மெட்டு அமைப்பது எளிதன்று. பழைய மெட்டு காதில் நின்று மறிக்கும். வைத்தியநாதன் கருநாடக இசையின் அடித்தளத்தை விடாமல், சொல் தெளிவாகக் கேட்கும்படி மெட்டமைத்தார். யேசுதாஸ் பாடிய நந்தலாலா பாடலுக்கு இன்று பலர் மனதில் முதலில் எழுவது இந்த மெட்டுத்தான்.

'மால்குடி டேஸ்' (1986) இதற்கு நேர் எதிரான வேலை. ஆர். கே. நாராயணின் கதைகளைச் சங்கர் நாக் கர்நாடகத்தின் ஆகும்பேயில் படமாக்கினார், முகப்பில் ஆர். கே. லக்ஷ்மணின் கோட்டோவியங்கள். அங்கே பாட வரிகளே இல்லை. 'தா னா ன' என்ற வெறும் ஒலிக்குறிப்புகளைக் குரலில் பாடவைத்தே ஒரு கற்பனை ஊருக்கு முகம் கொடுத்தார். இந்தி தெரிந்தவர், தெரியாதவர் எல்லோருக்கும் அது ஒன்றுபோலவே போய்ச் சேர்ந்தது.

அடுத்த ஆண்டே இன்னும் கடினமான சோதனை வந்தது. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கி, கமல்ஹாசன் நடித்த 'பேசும் படம்' (1987) முழுவதிலும் வசனம் கிடையாது. இத்தகைய படத்தில் இசையமைப்பாளர் வாத்தியங்களைக் கொட்டி ஒவ்வொரு அசைவையும் விளக்க முனைவது இயல்பு. வைத்தியநாதன் தெரு இரைச்சலுக்கும் பொருள்களின் ஓசைக்கும் இடம் விட்டு, தேவைப்பட்ட இடத்தில் மட்டும் இசையை நுழையவிட்டார். பின்னணி இசை பயில்வோர் காட்சி காட்சியாகக் கேட்டுப் படிக்க வேண்டிய படம் அது.

இந்திரா பார்த்தசாரதியின் கதையைத் தழுவி கே. எஸ். சேதுமாதவன் எடுத்த 'மறுபக்கம்' படத்துக்கும் இசை இவரே. சிறந்த படத்துக்கான தேசிய விருதான தங்கத் தாமரையை முதன்முதலில் பெற்ற தமிழ்ப் படம் அது. தமிழக அரசின் கலைமாமணி விருது பெற்ற வைத்தியநாதன், 2007 மே 19 அன்று சென்னையில் காலமானார்.