பேசாலைக் கரையில் எடுத்த படம்

மன்னார்க் கடலில் முத்துக்குளிப்பு நடைபெற்ற காலத்தில், சிப்பிகள் திறவாத நிலையிலேயே ஆயிரக்கணக்கில் ஏலம் விடப்பட்டன. 1905ஆம் ஆண்டில் மரிச்சுக்கட்டிக் கரையிலும் வழக்கம் இதுவே. உள்ளே முத்துண்டோ, வெறும் ஓடுதானோ என்பதை அறியாமலே வணிகர் பணத்தைக் கொடுத்தனர். திரைப்படத் தயாரிப்பும் ஏறத்தாழ இத்தகையதே. வழக்கமான பாதையை விட்டு விலகும் இயக்குநரை நம்பிப் பொருளிடுவோர் மிகச் சிலர். ஈழத்துத் தமிழ்ப் படவுலகிலும் அச்சிலர் இருந்தனர்.

அவர்கள் எதிர்கொண்ட நிலைமை எளியதன்று. தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையே ஏறக்குறைய 30 கிலோமீற்றர் கடல் உண்டு. மொழியாலோ அவ்விடைவெளியும் இல்லை. சென்னையில் பெரும் பொருட்செலவில் உருவான படங்களே இலங்கைத் தமிழர் விரும்பிப் பார்த்தவை. அவற்றோடு உள்ளூர்ப் படம் போட்டியிட வேண்டியிருந்தது. 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் தோன்றிய பின்னர் நிலைமை ஓரளவு மாறிற்று.

அதே ஆண்டில் கட்டடக்கலைஞர் வீ. எஸ். துரைராஜா, யாழ்ப்பாணத்து உழவர் குடும்பமொன்றின் கதையைக் கூறும் ‘குத்துவிளக்கு’ப் படத்தைத் தயாரித்தார். டபிள்யூ. எஸ். மகேந்திரன் அதனை இயக்கினார். 1977இல் முத்தையா ராஜசிங்கம் ஒருபடி மேலே சென்று, காவலூர் இராசதுரை எழுதிய ‘பொன்மணி’யைத் தர்மசேன பத்திராஜா என்னும் சிங்கள இயக்குநரிடம் ஒப்படைத்தார். சீதனத்தையும் சாதியையும் ஒளிவுமறைவின்றிக் காட்டிய அப்படம் வணிக வெற்றி பெறவில்லை. எனினும் ஈழத்துத் தமிழ்ப் படங்களைப் பற்றிப் பேசுவோர் அதனைத் தவிர்த்துப் பேசுவதில்லை.

அடுத்த ஆண்டிலே மன்னார்த் தீவின் முறை வந்தது. நெடுந்தீவைக் களமாகக் கொண்டு செங்கை ஆழியான் எழுதிய ‘வாடைக்காற்று’ நாவலைச் சிவசுப்பிரமணியமும் சிவதாசனும் படமாக்க முன்வந்தனர். பிரேம்நாத் மொறாயஸ் இயக்கினார். வாடைக்காற்று வீசும் பருவத்தில் பிற ஊர்களிலிருந்து வந்து வாடியமைத்துத் தொழில் செய்யும் மீனவரின் கதை அது. அதற்கேற்ற கடலும் மணலும் பேசாலைக் கரையில் இருந்தன. அரங்கில் அட்டைக் கடல் அமைப்பதை விடுத்து, மீனவர் வாழும் ஊருக்கே படப்பிடிப்புக் குழு சென்றது.

இம்முயற்சி நீண்டு தொடரவில்லை. 1983 யூலை வன்செயலில், ஹெந்தளையிலிருந்த விஜயா கலையகம் எரிக்கப்பட்டது. அதன் உரிமையாளரான கே. குணரத்தினம், 1960இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘சந்தேசய’ என்னும் சிங்களப் படத்தைத் தயாரித்த தமிழர். பின்னர் வந்த போர், வடக்கின் கரையோரங்களில் படமெடுக்கும் சூழலையே இல்லாதாக்கிற்று.

வெறுஞ்சிப்பியை ஏலத்தில் எடுத்த வணிகனுக்கு மிஞ்சியது நட்டம் மட்டுமே. இத்தயாரிப்பாளர்கள் பொருளை இழந்தபோதும் நம் மக்களின் கடலும் வயலும் வீடும் திரையில் இடம்பெற்றன. இயக்குநரையும் நடிகரையும் போற்றும்போது, அவர்களை நம்பிப் பணமிட்டவர்களின் பெயரையும் உடன் சொல்லுவதே முறையாகும்.