ஒரே ஸ்டியரிங், வேற வேற சம்பளம்

நம்ம ஆரம்பாக்கம் கொல்கத்தா ஹைவேயில் தமிழ்நாட்டின் கடைசி ஊர்களில் ஒண்ணு. தாண்டினா தடா, ஆந்திரா. ரோட்டோர டீக்கடையில் எப்பவும் ரெண்டு மூணு அரசாங்க ஜீப் நிற்கும். போன வாரம் வேற வேற டிபார்ட்மெண்ட் டிரைவர்கள் ரெண்டு பேர் சம்பளக் கணக்கு பேசிக்கிட்டிருந்தாங்க. "அதே ரோடுதானே ஓட்டறோம், உனக்கு மட்டும் எப்படிய்யா கூட?" எனக்கு உடனே ரந்தீர் சிங் ஞாபகம் வந்துட்டார்.

யார் இவர்? டெல்லி போலீஸில் டிரைவர் கான்ஸ்டபிள். மூணாவது சம்பளக் கமிஷன், டிரைவர் வேலையைத் தனியாகப் பார்க்காமல் இவங்களை மற்ற கான்ஸ்டபிள்களோடு சேர்த்துவிட்டது. மெட்ரிக் பாஸ் பண்ணாதவருக்கு 210-270 ரூபாய், பாஸ் பண்ணியவருக்கு 225-308. அதே டெல்லியில் ரயில்வே பாதுகாப்புப் படை டிரைவருக்கு 260-400. தீயணைப்புத் துறை டிரைவருக்கு 330-480! வண்டி, லைசென்ஸ், டிராஃபிக் எல்லாம் ஒண்ணுதான். மனு மேல மனு போட்டுப் பார்த்துட்டு, மனுஷன் நேரா சுப்ரீம் கோர்ட் படியேறிட்டார்.

அரசு சொன்ன பதில் நம்ம ஆபீஸ்களில் இன்னைக்கும் கேட்கிற பதில்தான்: "அது வேற துறை, இது வேற துறை." இதுக்கு முன்னாடி 1962-ல் வருமான வரி அதிகாரிகள் போட்ட கிஷோரி மோகன்லால் பக்ஷி வழக்கில், சம வேலைக்குச் சம சம்பளம்ங்கிற தத்துவத்துக்கும் அரசியல் சட்டத்தின் 14-வது பிரிவுக்கும் சம்பந்தமே இல்லைன்னு கோர்ட் கைவிரிச்சிருந்தது. அதனால ரந்தீர் சிங் ஜெயிப்பார்னு யாரும் பந்தயம் கட்டியிருக்க முடியாது.

1982 பிப்ரவரியில் தீர்ப்பு. எழுதியவர் நீதிபதி சின்னப்ப ரெட்டி (நம்ம எல்லைக்கு அந்தப் பக்கத்துக்காரர்தான்!). துறை வேறங்கிறது மட்டும் காரணம் ஆகாது. போலீஸ் டிரைவருக்குப் பார்க்கப்போனா பொறுப்பு இன்னும் அதிகம் என்றார். வழிகாட்டும் கொள்கையான 39(டி)-யை 14, 16-வது பிரிவுகளோடு சேர்த்துப் படித்து, ரயில்வே படைக்குச் சமமான சம்பளத்தை 1973 ஜனவரி 1-லிருந்து கணக்குப் போட்டுக் கொடுக்கச் சொன்னார். ஒன்பது வருஷ அரியர்ஸ் சாமி!

ஆனா கதை அங்கேயே முடியலை. 1988-ல் அலகாபாத் உயர்நீதிமன்றத்தின் பெஞ்ச் செக்ரட்டரிகளே சம்பளத்துக்காக வழக்காடி, சுப்ரீம் கோர்ட்டில் தோத்தாங்க. ரெண்டு வேலையும் சமமான்னு எடைபோடுவது சம்பளக் கமிஷன் மாதிரி நிபுணர்கள் வேலை, கோர்ட் சுலபத்தில் தலையிடக் கூடாது என்பது அந்தச் சவுராசியா தீர்ப்பு. கோர்ட் ஊழியருக்கே இந்த கதின்னா பார்த்துக்கோங்க :-) பிறகு 2016-ல் பஞ்சாப் தற்காலிக ஊழியர்கள் வழக்கில் (ஜக்ஜித் சிங்) காத்து மறுபடி ஊழியர் பக்கம் வீசியது. ஆனா வேலை சமம்னு நிரூபிக்கிற சுமை கேட்கிறவர் தலையில்தான்.

நம்ம ஊர்க் கதைக்கு வருவோம். தமிழ்நாட்டு இடைநிலை ஆசிரியர்கள். 2009 மே 31 வரை சேர்ந்தவங்களுக்குப் பழைய அடிப்படைச் சம்பளம் 4500-ஐ 1.86-ஆல் பெருக்கி 8370. ஜூன் 1-லிருந்து சேர்ந்தவங்களுக்கு வெறும் 5200. தர ஊதியம் மட்டும் ரெண்டு பேருக்கும் 2800. அடிப்படையிலேயே 3170 ரூபாய் வித்தியாசம், அது மேல அகவிலைப்படி வேற. ரந்தீர் சிங்குக்காவது "வேற துறை"ன்னு ஒரு சாக்கு சொன்னாங்க. இங்கே ஒரே துறை, ஒரே பள்ளிக்கூடம், ஒரே பாடப்புத்தகம். 2018 டிசம்பரிலும் 2022 டிசம்பரிலும் சென்னை டிபிஐ வளாகத்தில் பட்டினி கிடந்தாங்க. 2023 பிறந்ததும் குழு ஒன்று அறிவிக்கப்பட்டது.

எங்க தெருவிலேயே அப்படி ஒரு டீச்சர் இருக்காங்க. பக்கத்து வகுப்பு டீச்சரும் அவங்களும் ஒரே லோக்கல் ரயிலில்தான் போய் வர்றாங்க. சம்பள நாள் அன்னைக்கு மட்டும் ரெண்டு பேரும் அந்தப் பேச்சையே எடுக்கறதில்லையாம். காலண்டரைப் புரட்டிப் பார்த்தேன். அந்த 2009 மே 31, ஒரு ஞாயிற்றுக்கிழமை.