அச்சு: முறிவதும் வார்ப்பதும்

‘அச்சு’ என்று தனியே சொன்னால் அது எந்தத் தொழிலின் சொல் என்று பிடிபடாது. பக்கத்தில் ஒரு வினை வந்து நின்றதும் தெரிந்துவிடும். முறிந்தது என்றால் வண்டி. வார்த்தார்கள் என்றால் வெல்லமோ உலோகமோ. கோத்தார்கள் என்றால் அச்சகம். பிணைத்தார்கள் என்றால் தறி. அதைப் பற்றிச் சுழல்கிறது என்றால் பூமி. இத்தனை துறைகளுக்கும் இந்த மூவெழுத்துச் சொல் எப்படிப் போய்ச் சேர்ந்தது?

இலக்கியத்தில் நமக்கு முதலில் தென்படுவது வண்டியின் அச்சு. மயில் தோகையே ஆனாலும் அளவு மீறி ஏற்றினால் அச்சு முறியும் என்கிறது வலியறிதல் அதிகாரத்தின் 475ஆம் குறள். உருண்டோடும் பெரிய தேரைக் காக்கும் சிறிய அச்சாணியைக் காட்டி, உருவத்தைக் கண்டு யாரையும் இகழாதே என்கிறது 667ஆம் குறள். புறநானூற்றின் 102ஆம் பாட்டில் உப்பு வணிகர் வருகிறார்கள். மேடும் பள்ளமுமான வழியில் என்ன நேருமோ என்று வண்டியின் அடியில் இன்னோர் அச்சைக் கட்டிக்கொண்டு போகிறார்கள். அதற்குப் பெயர் ‘சேம அச்சு’. அதியமான் மகன் பொகுட்டெழினியை ஒளவையார் அந்தச் சேம அச்சுக்கு ஒப்பிடுகிறார். இன்றைய லாரியில் தொங்கும் ஸ்டெப்னிக்கு இரண்டாயிரம் ஆண்டு மூத்த உறவு அது. இவ்விடங்களிலெல்லாம் அச்சு என்பது பாரம் தாங்குவது, ஆகவே முறியக்கூடியது.

வார்ப்பு அச்சின் கதை வேறு. வண்டி அச்சு வடமொழியின் ‘அக்ஷ’ வழியாக வந்தது என்பது பொதுவான முடிபு. உருவம் கொடுக்கும் அச்சோ கன்னடம், தெலுங்கு, மலையாளம் ஆகிய உறவு மொழிகளிலும் அதே பொருளில் வழங்குவது. ஒலி ஒன்றாகிப் போனதால் ஒரே சொல்போலத் தோன்றும் இரண்டு சொற்கள் இவை.

இந்த இரண்டாவது அச்சுக்கு அடுப்படியில்தான் செல்வாக்கு அதிகம். மரப்பலகையின் குழிகளில் பாகை ஊற்றி எடுத்தால் அச்சு வெல்லம். பூப்போன்ற இரும்பைக் காய்ந்த எண்ணெயில் சூடாக்கி, மாவில் தோய்த்து, மறுபடி எண்ணெயில் இறக்கினால் அச்சு முறுக்கு. மாவை அடைத்துப் பிழிவது இடியாப்ப அச்சு. ஒன்று குழியாக இருந்து வாங்கிக்கொள்கிறது, இன்னொன்று புடைத்து நின்று மாவைப் பற்றிக்கொள்கிறது, மூன்றாவது துளை வழியே தள்ளிவிடுகிறது. மூன்றும் அச்சுதான். இடைக்காலக் கொங்குக் கல்வெட்டுகளில் ‘ஆனை அச்சு’, ‘பழஞ்சலாகை அச்சு’ என்று காசுகளே வருகின்றன. முத்திரை குத்தும் கருவியின் பெயர் குத்தப்பட்ட பொருளின் மேலும் ஏறிக்கொண்டது. தமிழ்நாட்டில் ‘அச்சு அசல்’ என்பதும், ஈழத்தில் ‘அச்சொட்டாக’ என்பதும் இந்த வார்ப்புப் பட்டறையில் பிறந்த பேச்சுகளே.

ஆகவே ஐரோப்பியர் எழுத்துகளை ஈயத்தில் வார்த்துக்கொண்டு வந்தபோது தமிழ் புதுச்சொல் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. கோவாவிலும் கொல்லத்திலும் வார்த்த எழுத்துகளைக்கொண்டு 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ அச்சேறியது. இந்திய மொழியொன்றின் எழுத்தில் இந்தியாவில் அச்சான முதல் நூல் அது. அதன் பிறகு அச்செழுத்து, அச்சுக்கூடம், அச்சுப்பிழை, தட்டச்சு என்று ஒரு குடும்பமே பெருகியது. இதில் ஒரு நுட்பம் உண்டு: ஈய எழுத்து அச்சில் வார்த்தெடுத்த பிள்ளை. தாளில் பதியும்போது அதுவே அச்சாகிவிடுகிறது.

நெசவாளர் சொல்லும் அச்சு சீப்புப்போன்ற ஒரு சட்டம். பாவு இழைகளை இடைவெளி பிசகாமல் நிறுத்தி, ஊடையை நெருக்கி அடிப்பது அதன் வேலை. முன்பு நாணல், மூங்கில் சிம்புகளால் செய்தார்கள். இப்போது எஃகுக் கம்பிகள். ஒரு பாவு முடிந்ததும் அச்சில் எஞ்சி நிற்கும் பழைய இழைநுனிகளோடு புதிய பாவின் இழைகளை ஒவ்வொன்றாகச் சேர்ப்பதற்கு ‘அச்சு பிணைத்தல்’ என்று பெயர். ஒரு புடவை அகலத்துக்கு ஆயிரக்கணக்கான இழைகள். அதற்கென்றே கைதேர்ந்தவர்கள் இருக்கிறார்கள்.

பள்ளிப் பாடநூலில் பழைய வண்டி அச்சு திரும்பி வருகிறது. 23.5 பாகை சாய்ந்த பூமியின் அச்சில் மரமும் இல்லை, இரும்பும் இல்லை. சுழற்சியின் நடுவே நாம் கற்பனையில் இழுத்த கோடு அது. வரைபடத் தாளின் எக்ஸ் அச்சும் ஒய் அச்சும் சுழல்வதுகூட இல்லை. அளப்பதற்கு நிலையான ஆதாரமாக நிற்கின்றன. ‘அட்சரேகை’யில் இருப்பதும் அதே ‘அக்ஷ’தான். அரசியலிலும் இந்தக் கோடு நுழைந்தது. ரோமையும் பெர்லினையும் இணைக்கும் கோட்டை ஐரோப்பா சுற்றிவரத்தக்க அச்சு என்று 1936 நவம்பர் 1 அன்று மிலான் நகரில் முசோலினி பேசினார். இரண்டாம் உலகப்போர்ச் செய்திகளின் ‘அச்சு நாடுகள்’ அங்கிருந்து வந்தவை.

முப்பரிமாண அச்சு எந்திரத்தில் இரண்டு வழிகளும் ஒன்றையொன்று சந்திக்கின்றன. அதன் முனை எக்ஸ், ஒய், இசட் என்ற மூன்று அச்சுகளின் திசையில் நகர்ந்து, உருகிய பிளாஸ்டிக்கை அடுக்கடுக்காக இட்டுப் பொருளை அச்சிடுகிறது. நகர்வது முதல் அச்சில், அச்சிடுவது இரண்டாம் அச்சால். ஆனால் அங்கே வார்ப்பு அச்சு என்று ஒரு பொருளே கிடையாது. அச்சே இல்லாமல் செய்வதுதான் அந்த எந்திரத்தின் பெருமை. இருந்தும் அந்த வாக்கியத்தைப் படிக்கும் பொறியியல் மாணவர் எவரும் தடுமாறுவதில்லை. கலைச்சொல் என்றால் ஒரு பொருளுக்கு ஒரு சொல் என்று விதிப்பவர்கள் பெயர்ச்சொல்லை மட்டுமே பார்க்கிறார்கள். தமிழில் பாதி வேலையை வினை செய்துவிடுகிறது.