மழைக்காகக் காத்திருந்த கேமரா

கேமராமேன் இயக்குநரானால் படம் கண்ணுக்குக் குளிர்ச்சி, கதைதான் நொண்டும் என்றொரு பேச்சு நம்மிடையே உண்டு. மும்பை மாட்டுங்கா அரோரா தியேட்டரில் தமிழ்ப் படம் பார்த்து வளர்ந்த தலைமுறையும் இதற்கு விலக்கல்ல. அந்தப் பேச்சுக்குப் பாலு மகேந்திரா என்றோ பதில் சொல்லிவிட்டார். அவர் படித்த புனே திரைப்படக் கல்லூரியிலிருந்தே வந்தவர், மராத்தியின் அவினாஷ் அருண்.

அவருடைய முதல் படம் 'கில்லா'. ஒளிப்பதிவும் அவரே. 2014 பெர்லின் விழாவில் சிறுவர் நடுவர்கள் அதற்குக் கிரிஸ்டல் பியர் விருது தந்தார்கள். மறு ஆண்டு தியேட்டருக்கு வந்தது. அப்பாவை இழந்த சின்மய், அம்மாவின் அரசாங்க வேலை மாற்றலால் புனேயை விட்டுக் கொங்கணக் கடற்கரைக்கு வருகிறான். கதை அவ்வளவுதான். மிச்சத்தை மழை பார்த்துக்கொள்கிறது. சைக்கிளில் கோட்டைக்குப் போன பையன்கள் இவனை விட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். கொட்டும் மழையில் பாசி பிடித்த மதிலுக்குள் தனியே நின்று கத்துகிறான். ஒரு சிநேகம் முறிந்ததைச் சொல்ல அங்கே வசனமே வேண்டியிருக்கவில்லை. இந்த இடத்தில் அழகு கதைக்குத் துணை நிற்கவில்லை, அழகேதான் கதை.

அவருடைய 'த்ரீ ஆஃப் அஸ்' படத்தில் மறதி நோயின் தொடக்கத்தில் இருக்கும் மும்பைப் பெண் ஒருத்தி, சிறுவயதில் வாழ்ந்த வெங்குர்லாவுக்குப் போகிறாள். பழைய பள்ளித் தோழன் இப்போது வங்கி மேனேஜர். ஓய்வில் துணியில் பூத்தையல் போடுகிறவன். நினைவு திரும்பியவளைக் கேத்தி ரயில் நிலையத்தில் வழியனுப்பிய பாலு மகேந்திராவின் 'மூன்றாம் பிறை' (1982) தமிழனுக்கு இங்கே நினைவுக்கு வராமல் போகாது. இரண்டிலும் ஊர்தான் நினைவைச் சுமக்கிறது. என்ன, அவினாஷின் பிற்காலச் சட்டகங்களில் கொஞ்சம் துடைத்து வைத்த அழகு கூடிவிட்டது. 'கில்லா'வின் சேறு அங்கே இல்லை.

மும்பைத் தமிழர்களான நம் பக்கம் வருவோம். 'நாயகன்' (1987) காட்டிய தாராவியில் பெரும்பகுதி சென்னை ஸ்டூடியோவில் போட்ட செட். 'காலா' (2018) படத்துக்கும் சென்னைக்கு வெளியே ஒரு தாராவியையே கட்டினார்கள். கலை இயக்குநர்களின் உழைப்பைக் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் ஜூன் மாதத்தில் நீலத் தார்ப்பாய்க்கு அடியில் விழும் வெளிச்சத்தையும், குயவர் பகுதியான கும்பார்வாடாவின் சூளைப் புகை ஈரக் காற்றில் மேலெழ முடியாமல் சந்துக்குள்ளேயே தங்கிவிடுவதையும் செட்டில் எப்படிப் போடுவது? அதற்கு, தாராவியின் தொண்ணூறடி ரோட்டில் வளர்ந்து ஒளிப்பதிவு படித்த ஒரு பிள்ளை, கேமராவோடு ஒரு மழைக்காலம் முழுக்க அங்கேயே கிடக்க வேண்டும்.