காற்றும் புகையும்: மலையகத் தோட்டங்களின் கட்டட வரலாறு

இலங்கையின் மத்திய மலைநாட்டுத் தேயிலைத் தோட்டங்களில் எழுந்த கட்டடங்களைத் துரை எனப்படும் தோட்ட நிர்வாகியின் பங்களா, தேயிலைத் தொழிற்சாலை, தொழிலாளரின் லயன் என மூன்றாக வகுக்கலாம். ஒரே மலையில், ஒரே மழையிலும் பனியிலும் நின்றபோதிலும் அந்தச் சூழலை இம்மூன்றும் எதிர்கொண்ட விதம் வெவ்வேறானது. காற்றையும் வெப்பத்தையும் ஈரத்தையும் கட்டடத்தால் ஆளும் அறிவு தோட்ட நிர்வாகங்களிடம் நிறையவே இருந்தது என்பதற்கும், அந்த அறிவு எதற்காகச் செலவிடப்பட்டது என்பதற்கும் இக்கட்டடங்களே சான்று.

1820களில் தொடங்கி, காடழித்த சரிவுகளில் பரவிய கோப்பிக்குப் பழம் பறிக்கும் பருவத்தில்தான் பெருந்தொகையான ஆட்கள் தேவைப்பட்டனர். மதுரை, திருச்சி, தஞ்சை, சேலம் முதலிய மாவட்டங்களிலிருந்து கங்காணிமார் எனப்படும் மேற்பார்வையாளர்கள் திரட்டிவந்தவர்களுள் பெரும்பாலோர் பருவம் முடிந்ததும் ஊர் திரும்பியதால், மண்சுவர் வைத்துப் புல் வேய்ந்த நீண்ட கொட்டில்களே அவர்களுக்குப் போதும் எனக் கருதப்பட்டது. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துர தோட்டத்தில் 19 ஏக்கரில் தேயிலையைப் பயிரிட்டார். 1869இல் தென்பட்ட இலைத்துரு நோய் அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் கோப்பியை வீழ்த்தவே, தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது. தேயிலைக்குப் பருவம் என ஒன்றில்லை; ஏறத்தாழ வாரத்திற்கு ஒருமுறை ஆண்டு முழுவதும் கொழுந்து பறித்தாக வேண்டும் என்பதால் ஆணும் பெண்ணும் பிள்ளைகளுமாகக் குடும்பங்கள் தோட்டத்திலேயே நிலைத்துவிட்டன. வாழ்க்கை நிரந்தரமாகிவிட்ட பின்னரும் கொட்டிலின் நீள்வரிசை அமைப்பு மாறாமல், கல்லும் தகரமும் கொண்டு மீண்டும் கட்டப்பட்டது.

தொழிற்சாலையின் வளர்ச்சி வேறு வகையில் அமைந்தது. பறித்த கொழுந்தை உருட்டுவதற்கு முன் அதிலுள்ள ஈரத்தின் பெரும்பகுதி மெல்ல வெளியேற வேண்டும். ‘வாட்டுதல்’ எனப்படும், பல மணிநேரம் நீளும் இந்தப் படிமுறைக்காகத் தொழிற்சாலையின் மேல்மாடிகள் முழுவதும் ஒதுக்கப்பட்டன. அங்கே சணல்துணி இழுத்துக் கட்டிய தட்டுகளில் கொழுந்து மெல்லியதாகப் பரப்பப்பட்டது. நெடுஞ்சுவர்களில் வரிசையாக அமைந்த சன்னல்கள் மலைக்காற்றை உள்ளே விட்டன. மழை பிடித்த நாட்களில், கீழ்த்தளத்தில் தேயிலையை உலர்த்தும் அடுப்புகளின் வெப்பக்காற்றை விசிறிகள் மேலே கொண்டுசென்றன. ரயில்பாதை 1884இல் ஹட்டனையும் 1885இல் நானுஓயாவையும் எட்டியபின் இரும்புச் சட்டங்களையும் இயந்திரங்களையும் மலைக்குக் கொண்டுவருவது எளிதாயிற்று. 1968இல் மூடப்பட்டு, 1996இல் ஹோட்டலாக மாற்றப்பட்ட கந்தப்பளை ஹெதர்செட் தொழிற்சாலையில் இந்த அமைப்பை இன்றும் பார்க்கலாம். கொழுந்துக்குத் தேவையான காற்று, வெப்பம், உலர்வு ஆகியவை அங்கே நுட்பமாகக் கணிக்கப்பட்டிருந்தன.

கொழுந்து பறித்தவர்களின் குடியிருப்புக்கு அத்தகைய கணிப்பு எதுவும் கிடைக்கவில்லை. ‘காம்பரா’ எனப்படும், பெரும்பாலும் 10 அடிக்கு 12 அடி அளவிலான ஒற்றை அறைகள் பொதுச்சுவரால் ஒட்டி நிற்பதே லயன். முன்புறம் ‘இஸ்தோப்பு’ எனப்படும் குறுகிய தாழ்வாரம் இருக்கும். இரட்டை லயன்களில் இரு வரிசைகள் முதுகோடு முதுகு ஒட்டி நின்றதால் பின்பக்கம் சன்னல் வைக்க வழியில்லை. ஒருபுறம் நுழைந்த காற்று மறுபுறம் வெளியேறவும் முடியாது. புகைபோக்கி இல்லாத விறகடுப்பின் புகை அறைக்குள்ளேயே தங்கியது. ஏறத்தாழ 1,870 மீற்றர் உயரத்திலுள்ள நுவரெலியாவில் குளிர் கடுமையானது. அந்தக் குளிரில் தகரக்கூரை விரைந்து குளிர்ந்து, உள்ளே எழும் நீராவியைத் துளிகளாக்கிச் சொட்டவிட்டது. சமையல், உறக்கம், பிள்ளைப்பேறு, நோய், சாவு யாவும் 120 சதுர அடிக்குள் நிகழ்ந்தன. திருமணமான மகனுக்குத் தனியறை இல்லாதபோது சேலையால் மறைத்த ஒரு மூலையே அவனுடைய குடித்தனமாயிற்று. திண்ணை, முற்றம், கொல்லை எனத் தமிழ்நாட்டுச் சிற்றூர் வீடு படிப்படியாக வகுத்திருந்த அந்தரங்கத்தின் எல்லைகளை லயன் ஒரே கதவுக்குள் அடைத்துவிட்டது. பிஜி, மொரிசியஸ், மலாயா ஆகிய நாடுகளின் கரும்பு, ரப்பர் தோட்டங்களிலும் தொழிலாளர் இத்தகைய வரிசைக் கொட்டில்களில்தான் குடியேற்றப்பட்டனர் என்பதால், இதனை ஒரு பேரரசின் தொழில்முறை உருவாக்கிய கட்டட வகை எனலாம்.

கட்டடங்கள் நின்ற இடமும் தோட்டத்தின் அதிகார ஒழுங்கைக் காட்டியது. கணப்படுப்பும் புல்வெளியும் கொண்ட பங்களா உயர்ந்த மேட்டில் நின்று பள்ளத்தாக்கைப் பார்த்தது. தேயிலை வளர ஏற்ற நிலத்தை வீணாக்கக்கூடாது என்பதால், செங்குத்தான சரிவும் ஓடையோரப் பள்ளமும் பல இடங்களில் லயனுக்கு ஒதுக்கப்பட்டன. பிரட்டுக்களத்தில், அதாவது காலையில் ஆட்களைக் கணக்கெடுத்து வேலைக்குப் பிரித்தனுப்பும் திடலில், தப்பு முழங்கியதும் லயன் முழுவதும் விழித்தெழ வேண்டும். லயனுக்குச் செல்லும் பாதையும் தோட்டத்தின் தனிச்சொத்தாகவே கருதப்பட்டதால், பின்னாளில் 1931இல் ஹட்டனை மையமாகக் கொண்டு தொழிற்சங்கம் தொடங்கிய கோ. நடேசய்யர், தொழிலாளரின் நிலையை நேரில் அறியத் துணி வியாபாரியாக வேடமிட்டே உள்ளே நுழைய வேண்டியிருந்தது. வேலை இருக்கும்வரைதான் காம்பராவும். வேலை போனால் வீடும் போயிற்று. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் இம்மக்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியபோது, காலடியிலிருந்த நிலத்தின்மேல் உரிமை கோரும் வழியும் அடைபட்டது.

இத்தனை நெருக்கடிக்கிடையிலும் அம்மக்கள் லயனை வாழுமிடமாக்கினர். இஸ்தோப்பைத் தட்டியால் அடைத்து அடுப்படியாக்கினர். வாசலைச் சாணமிட்டு மெழுகினர். காட்டு ஓரத்தில் மரக்கறித் தோட்டமும் மாட்டுப்பட்டியும் அமைத்தனர். மலையூற்று நீரைக் குழாயில் வடித்த பீலிக்கரை பெண்கள் கூடிப் பேசும் இடமாயிற்று. மாரியம்மனுக்குக் கோயில் எழுந்தது. மாசி மாதத்தில் லயன் வாசல்களே காமன்கூத்தின் அரங்காயின. தொழிற்சாலைச் சக்கரத்தில் உறைவதாக நம்பப்பட்ட ரோதமுனி என்ற தெய்வமும் வழிபாடு பெற்றது. அதே வேளையில், கங்காணிவாரியாகவும் சாதிவாரியாகவும் லயன்கள் பிரிக்கப்பட்ட தோட்டங்களில், ஊரிலிருந்து வந்த வேற்றுமைகளுக்கு அந்தச் சுவர்கள் புதிய வடிவம் தந்தன என்பதையும் மறைக்கலாகாது.

1970களில் தோட்டங்கள் அரசுடைமையாகி, 1992இல் அவற்றின் நிர்வாகம் தனியார் கம்பனிகளிடம் சென்றபின் தனிவீட்டுத் திட்டங்கள் மெல்ல வளர்ந்தன. அண்மைய திட்டங்களில் ஒரு குடும்பத்திற்கு ஏழு பேர்ச்சஸ், அதாவது ஏறத்தாழ 1,900 சதுர அடி நிலம் என்பது அளவாயிற்று. 2017 மே மாதம் நோர்வூட்டில் பேசிய இந்தியப் பிரதமர் நரேந்திர மோடி தோட்ட மக்களுக்கு மேலும் 10,000 வீடுகளை அறிவித்தார். ஆயினும் இன்றும் பல குடும்பங்கள் பழைய லயன்களிலேயே வாழ்கின்றன. 2014 அக்டோபர் 29இல் பதுளை மாவட்டத்து மீரியபெத்தையில் மலைச்சரிவு லயன்களைப் புதைத்து உயிர்களைப் பறித்தது, வீடு நிற்கும் இடத்தைத் தேர்ந்தெடுப்பதே கட்டடக் கலையின் முதற்பணி என்பதை உணர்த்தியது.

ஒரு வீடு மனிதரை உருவாக்குவது அதன் பரப்பளவால் மட்டும் நிகழ்வதில்லை. காற்று வரும் திசையில் சன்னல் திறக்கவும், பிள்ளைகள் வளர்ந்தால் அறை சேர்க்கவும், நிலம் ஆபத்தானது என்றால் வேறிடம் கேட்கவும் குடியிருப்பவருக்குள்ள உரிமையும் அதில் அடங்கும். லயனின் வரலாற்றில் நெடுங்காலம் மறுக்கப்பட்டது இந்த உரிமையே. எனவே மலையகத்தின் புதிய வீடமைப்பு, காணி உறுதியையும் பாதுகாப்பான நிலத்தையும் குளிருக்கும் மழைக்கும் ஏற்ற வடிவமைப்பையும் ஒருசேர வழங்க வேண்டும். கொழுந்தின் ஈரத்துக்காக ஒரு நூற்றாண்டுக்கு மேலாகச் செலவிடப்பட்ட கவனம், அதைப் பறித்தவர்களின் வீட்டுக்கும் உரியது.