நடுவில் நின்றவர்கள்: முஸ்தம்லீ முதல் நேரலை மட்டுறுத்துநர் வரை

ஒருவர் பேசப் பலர் கேட்கும் இடம் சபை. பேசியவரின் பெயர் வரலாற்றில் நிற்கும். கேட்டவர்களின் எண்ணிக்கையும் சில வேளை நிற்கும். இருவருக்கும் நடுவில் நின்று, சொல்லைச் சேதமின்றிக் கொண்டுசேர்த்து, சபையின் ஒழுங்கையும் காத்தவரின் பெயர்தான் பெரும்பாலும் மறைந்துவிடுகிறது.

இன்று சபைகள் பலவும் கைப்பேசித் திரைக்குள் வந்துவிட்டன. ஜும்ஆ பயான், நிக்காஹ் மஜ்லிஸ், மதரஸா ஆண்டு விழா என எதையும் வளைகுடா நாட்டிலிருக்கும் நம் பிள்ளைகள் அந்த நொடியிலேயே நேரலையில் காண்கின்றனர். அத்திரையின் ஓரத்தில் பார்வையாளர்கள் எழுதும் கருத்துகளைக் கண்காணித்து, தகாதவற்றை நீக்கி, கேள்விகளைப் பேச்சாளரிடம் சேர்ப்பிப்பவரை 'மட்டுறுத்துநர்' என்று கணினித் தமிழ் அழைக்கிறது. கைப்பேசி பழகிய எந்தச் சிறுவனிடமும் ஒப்படைத்துவிடலாம் என்று நாம் எண்ணும் பணி இது. அவ்வெண்ணம் சரிதானா? வரலாற்றைச் சற்றுப் புரட்டிப் பார்ப்போம்.

பக்தாதின் முஸ்தம்லீகள்

ஒலிபெருக்கி இல்லாத காலத்தில் ஆயிரக்கணக்கானோர் கூடிய சபையில் ஆசிரியரின் குரல் கடைசி வரிசைக்கு எவ்வாறு எட்டியது? ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டின் பக்தாதில் ஹதீஸ் ஆசிரியர்கள் சொல்லச் சொல்ல, மாணவர்கள் எழுதிக்கொள்ளும் சபைகள் பெருகின. ஆசிரியரின் சொற்களைக் கேட்டு உரக்கத் திருப்பிச் சொல்வதற்கென்றே ஒருவர் நியமிக்கப்பட்டார். அவருக்கு 'முஸ்தம்லீ' என்று பெயர்.

ஹிஜ்ரி 221இல் மறைந்த ஆஸிம் இப்னு அலீ அவர்களின் சபையில் லட்சத்துக்கும் மேற்பட்டோர் கூடினர் என்றும், அவருடைய முஸ்தம்லீ ஹாரூன் என்பார் வளைந்த பேரீச்ச மரமொன்றில் ஏறி அமர்ந்து சொற்களைக் கொண்டுசேர்த்தார் என்றும் பக்தாதின் வரலாற்றை எழுதிய கதீப் அல்பக்தாதீ (மறைவு ஹிஜ்ரி 463) பதிவு செய்துள்ளார். அபூ முஸ்லிம் அல்கஜ்ஜீ அவர்களின் சபைக்கு ஒரு முஸ்தம்லீ போதவில்லை. ஏழு பேர் இடைவெளி விட்டு நின்று, ஒருவர் சொன்னதை அடுத்தவர் ஏற்றுச் சொல்லிக் கடைசி வரிசை வரை சேர்த்தனர். அன்று மைக்கூடுகளை எண்ணியபோது நாற்பதாயிரத்தைத் தாண்டியதாம்.

முஸ்தம்லீயின் வேலை குரல் கொடுப்பதோடு முடியவில்லை. சபையை அமைதிப்படுத்துவது, சொல் தெளிவாக விழாதபோது ஆசிரியரை மீண்டும் சொல்லக் கேட்பது, கூட்டாமல் குறைக்காமல் சொல்வது ஆகிய யாவும் அவர் கடமைகள். ஹிஜ்ரி 562இல் மறைந்த மர்வு நகரத்து அறிஞர் ஸம்ஆனீ இவற்றின் ஒழுக்கங்களுக்கென்றே ஒரு தனி நூல் எழுதினார்.

அறிவற்றவரை அவ்விடத்தில் நிறுத்தினால் என்ன நேரும் என்பதற்கும் ஒரு கதை உண்டு. ஆசிரியர் ஒருவர், "இதைப் பலர் எமக்கு அறிவித்தனர்" என்றாராம். 'பலர்' என்பதை ஒருவருடைய பெயர் என்று எண்ணிக்கொண்ட முஸ்தம்லீ, "அவர் யாருடைய மகன்?" என்று கேட்டுவிட்டார்! சபை சிரித்திருக்கும். ஆனால் அந்தப் பிழை ஏட்டில் ஏறியிருந்தால் சிரித்து முடிகிற காரியமா?

திருச்சி வானொலியின் பணியறை

பக்தாதிலிருந்து நம் ஊருக்கு வருவோம். 1938 ஜூன் 16இல் சென்னையில் அகில இந்திய வானொலி நிலையம் தொடங்கியது. மறு ஆண்டே, 1939 மே 16இல், திருச்சிராப்பள்ளி நிலையம் ஒலிக்கத் தொடங்கியது. உறையூர்த் தறிக்கூடங்களிலும் தேநீர்க் கடைகளிலும் நம் முன்னோர் கேட்டு வளர்ந்த குரல் அதுதான்.

ஒலிநாடா பரவுவதற்கு முந்தைய அந்நாட்களில் இசைத்தட்டுகள் நீங்கலாகப் பெரும்பாலான நிகழ்ச்சிகள் நேரடியாகவே ஒலித்தன. பாடகர் இருமினாலும், நாடக நடிகர் வசனம் மறந்தாலும் நேயர் காதில் விழுந்துவிடும். எனவே பேச்சுரைகளின் எழுத்துப்படி முன்கூட்டியே பெறப்பட்டுப் படித்துப் பார்க்கப்பட்டது. ஒலிபரப்பு நேரம் முழுவதும் பணியறையில் ஓர் அலுவலர் செவிகொடுத்திருந்து, பிழைகளையும் தடங்கல்களையும் குறிப்பேட்டில் எழுதினார். மறுநாள் கூட்டத்தில் அக்குறிப்பு வாசிக்கப்பட்டது. ஸ்ரீரங்கத்து வைகுண்ட ஏகாதசியையும், திருவையாற்றுத் தியாகராஜ ஆராதனையையும் நேரடியாகக் கொண்டுவந்த நிலையம், அத்தனை பெரிய கூட்டத்தின் நடுவிலும் இந்த ஒழுங்கைக் கைவிடவில்லை.

பின்னர் அகில இந்திய வானொலிக்கென ஒலிபரப்பு நெறிமுறை ஒன்று எழுத்தில் அமைந்தது. மதங்களையோ சமூகங்களையோ தாக்குதல், ஆபாசம், அவதூறு, வன்முறைக்குத் தூண்டுதல், நீதிமன்ற அவமதிப்பு முதலியவற்றுக்கு அதில் இடமில்லை. அரசியல் கட்சியைப் பெயர் சொல்லித் தாக்குவதும் கூடாது. விதி எழுத்தில் இருந்ததால், நீக்கியவரும் நீக்கப்பட்டவரும் ஒரே ஏட்டைப் பார்த்துப் பேச முடிந்தது. தனி மனிதரின் விருப்பு வெறுப்புக்கு அங்கே இடம் சுருங்கியது.

சில வினாடித் தாமதம்

நேயர்கள் தொலைபேசியில் நேரடியாகப் பேசும் நிகழ்ச்சிகள் வந்தபோது புதிய சிக்கல் எழுந்தது. யார் என்ன பேசுவார் என்று எவருக்குத் தெரியும்? 1952 வாக்கில் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்து ஆலன்டவுன் நகர வானொலி நிலையம் ஒன்று வழி கண்டது. பேச்சை ஒலிநாடாவில் பதிந்து, சில வினாடிகள் கழித்து ஒலிபரப்பினர். தகாத சொல் வந்தால் அந்த வினாடிகளுக்குள் தடுத்துவிடலாம்.

இந்தப் பழைய உபாயம் இன்றும் பழையதாகிவிடவில்லை. நீதிமன்ற நடவடிக்கைகளை நேரலையில் காட்டலாம் என்று உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 26இல் தீர்ப்பளித்தது. அதன்பின் 2021இல் உச்ச நீதிமன்றத்தின் மின்குழு வெளியிட்ட மாதிரி விதிகள், ஒளிபரப்பில் பத்து நிமிடத் தாமதம் வேண்டும் என்றன. நாட்டின் உயர்ந்த மன்றமே தன் சொல்லை வெளிவிடுமுன் சற்று நிதானிக்க விரும்பியிருக்கிறது.

இணைய நேரலையின் வரவு

2007இல் சான் பிரான்சிஸ்கோவில் ஜஸ்டின் கான் என்ற இளைஞர் தொப்பியில் ஒரு கேமராவைப் பொருத்திக்கொண்டு தம் அன்றாட வாழ்வை இணையத்தில் இடைவிடாது ஒளிபரப்பினார். விரைவிலேயே குறும்பர் சிலர் காவல்துறைக்குப் பொய்த் தகவல் கொடுத்து அவர் வீட்டுக்கே காவலரை வரவழைத்தனர். பார்வையாளர் வெறுமனே பார்த்துக்கொண்டிருப்பவர் அல்லர் என்பதை உலகம் அன்று கண்டுகொண்டது. அம்முயற்சியிலிருந்தே 2011 ஜூனில் ட்விட்ச் என்ற தளம் பிறந்தது. அதே ஆண்டு ஏப்ரலில் யூடியூபும் நேரலையைத் தொடங்கியது.

இத்தளங்களில் மட்டுறுத்துநர் எனப்படுவோர் பெரும்பாலும் ஊதியமில்லாத தொண்டர்களே. ட்விட்ச் தளம் அவர்கள் பெயருக்கு அருகில் வாள் அடையாளத்தையும், யூடியூப் ஸ்பானர் அடையாளத்தையும் இடுகின்றன. ஒரு கருத்தை நீக்கவும், எழுதியவரைச் சிறிது நேரம் வாயடைத்து வைக்கவும், தேவையானால் அறவே மறைக்கவும் அவர்களுக்கு வழியுண்டு. ஒவ்வொருவரும் அடுத்த கருத்தை எழுதுமுன் சில வினாடி காத்திருக்குமாறு வேகத்தைக் குறைக்கலாம். குறிப்பிட்ட சொற்களை முன்னரே தடைப்பட்டியலில் சேர்க்கலாம். 2016 டிசம்பரில் ட்விட்ச் இதற்கென இயந்திர உதவியையும் கொண்டுவந்தது. இயந்திரம் சொல்லைப் பிடிக்கும். சொன்னவரின் உள்நோக்கத்தைப் பிடிக்க இன்னும் மனிதரே வேண்டியிருக்கிறது.

காவலில்லாத பதினேழு நிமிடங்கள்

காவலின்மையின் விலை என்ன என்பதை நம் நெஞ்சில் நெருப்பால் எழுதிய நாள் 2019 மார்ச் 15, வெள்ளிக்கிழமை. நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரில் அந்நூர் பள்ளிவாசலிலும், லின்வுட் இஸ்லாமிய மையத்திலும் ஒரு கொடியவன் நடத்திய துப்பாக்கிச் சூட்டில் 51 பேர் உயிரிழந்தனர். அவன் அக்கொடுமையை ஃபேஸ்புக்கில் நேரலையாகவே காட்டினான்.

அந்நிறுவனம் பின்னர் வெளியிட்ட கணக்கு நம்மைத் திகைக்க வைக்கிறது. சுமார் 17 நிமிடம் ஓடிய அந்நேரலையை அப்போது பார்த்தவர்கள் 200 பேருக்கும் குறைவு. அவர்களில் ஒருவரும் அந்நேரத்தில் புகார் செய்யவில்லை. முதல் புகார் வந்தது நேரலை தொடங்கி 29 நிமிடம் கழித்து, அதாவது முடிந்து 12 நிமிடம் ஆன பின். இயந்திரமும் அதைக் கண்டுபிடிக்கவில்லை. அடுத்த 24 மணி நேரத்தில் அக்காட்சியின் 15 லட்சம் படிகளை நீக்க வேண்டியதாயிற்று. அவற்றுள் 12 லட்சம் பதிவேற்றும்போதே தடுக்கப்பட்டவை. எஞ்சிய மூன்று லட்சம் மக்கள் கண்ணில் படக்கூடிய இடத்துக்கு வந்துவிட்டவை.

அதே ஆண்டு மே 15இல் நியூசிலாந்துப் பிரதமர் ஜெசிந்தா ஆர்டர்னும், பிரான்ஸ் அதிபர் மக்ரோனும் பாரிஸில் 'கிறைஸ்ட்சர்ச் அழைப்பு' என்ற உடன்பாட்டைக் கொண்டுவந்தனர். இந்தியாவும் அதை ஆதரித்தது. தறியில் அறுந்த இழையை அப்போதே முடிந்துவிட்டால் சேலை தப்பும், இறக்கிய பின் தேடினால் குறை தங்கிவிடும் என்பது உறையூர் நெசவாளர் அறிந்த செய்தி. நேரலையின் நியதியும் அதுவே.

ஊரடங்குக் காலமும் அதன் பின்னும்

2020 மார்ச் 25இல் நாடு முழுதும் ஊரடங்கு வந்தது. பள்ளிவாசல், கோயில், தேவாலயம் எல்லாவற்றின் கதவுகளும் மூடின. அவ்வாண்டின் ரமலானும் பெருநாளும் வீட்டுக்குள்ளேயே கழிந்தன. பயான்களும் வகுப்புகளும் திரைக்கு இடம் பெயர்ந்தன. அழையா விருந்தாளிகள் ஜூம் கூட்டங்களுக்குள் நுழைந்து ஆபாசமும் வசையும் பரப்பிய நிகழ்ச்சிகள் பல நாடுகளில் நேர்ந்ததும் அப்போதுதான். ஏப்ரல் தொடக்கத்தில் அந்நிறுவனம் கடவுச்சொல்லையும் காத்திருப்பு அறையையும் இயல்பான ஏற்பாடாக்கியது. வாசலில் ஒருவர் நிற்க வேண்டும் என்பதே அதன் பொருள்.

அவ்வாறு நிற்பவர் பிறர் எழுதியதற்கெல்லாம் சட்டப்படி பொறுப்பாவாரா? வாட்ஸ்அப் குழு ஒன்றைப் பற்றிய வழக்கில், நிர்வாகி என்பதற்காக மட்டும் ஒருவரைக் குற்றவாளி ஆக்க இயலாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2021 டிசம்பரில் கூறியது. ஆனால் இரு சமூகத்தாரிடையே பகைமூட்டும் சொல்லை எழுதுபவருக்கு, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 196ஆம் பிரிவு காத்திருக்கிறது. யாரோ முகமறியாதவர் எழுதும் ஒரு வரி படமெடுக்கப்பட்டு, "பள்ளிவாசல் நேரலையில் இப்படி எழுதினார்கள்" என்று ஊரெல்லாம் சுற்றினால், மலைக்கோட்டையையும் நத்ஹர்வலீ தர்காவையும் ஒருசேரப் போற்றும் இந்நகரின் நல்லிணக்கத்துக்கே அது ஊறாகும். சட்டம் நம்மை விட்டுவிட்டாலும், அண்டை வீட்டாரின் முகத்தில் நாம் விழித்தாக வேண்டுமே!

நாம் செய்யத்தக்கது

இவ்வரலாறு முழுவதிலும் மூன்று செய்திகள் தெளிவாகின்றன. நடுவில் நிற்பவருக்கு அறிவு வேண்டும் என்பது பக்தாத் தந்த பாடம். எழுதிவைத்த விதியும், குறிப்பேடும் வேண்டும் என்பது திருச்சி வானொலி தந்த பாடம். கண்ணயராத மனிதர் வேண்டும் என்பது கிறைஸ்ட்சர்ச் தந்த பாடம்.

ஆதலின் நேரலைக்குக் குறைந்தது இருவரை அமர்த்துவோம். ஒருவர் அயர்ந்தால் மற்றவர் காப்பார். எது நீக்கப்படும் என்பதை முன்னரே எழுதி அறிவிப்போம். வசை, பிற சமயத்தாரை இழித்தல், துஆ கேட்கும் பெண்களின் பெயர், தொலைபேசி எண் முதலியவற்றை வெளியிடல், நன்கொடை என்ற பெயரில் போலிக் கணக்கு எண் இடுதல் ஆகியன அப்பட்டியலில் முதலில் இருக்கட்டும். மார்க்கச் சட்டக் கேள்விகளுக்கு மட்டுறுத்துநர் தாமே விடை எழுதாமல் ஆலிம்களிடம் சேர்ப்பிக்கட்டும். நீக்கியது எது, ஏன் என்பதை ஓர் ஏட்டில் குறிக்கட்டும்.

நிர்வாகத்தைப் பற்றிய கேள்வியோ, வரவு செலவு பற்றிய ஐயமோ எழுந்தால் அதை நீக்கும் அதிகாரம் அவருக்கு இல்லை என்பதும் அவ்விதியில் இடம்பெற வேண்டும். ஆசிரியரின் சொல்லைக் குறைக்க முஸ்தம்லீக்கு உரிமையில்லாதது போலவே, ஜமாஅத்தாரின் நியாயமான குரலை அடைக்க மட்டுறுத்துநருக்கும் உரிமையில்லை. வாள் அடையாளம் வாசலைக் காப்பதற்கு. உள்ளே அமர்ந்திருப்போரை அச்சுறுத்துவதற்காக அது தரப்படவில்லை.

பேச்சாளருக்குப் பொன்னாடை போர்த்துகிறோம். ஒலிபெருக்கி அமைத்தவருக்கும் நன்றி கூறுகிறோம். இரண்டு மணி நேரம் திரையை விட்டுக் கண்ணெடுக்காமல், சபையின் மானத்தைக் காத்த அந்த இளைஞரின் பெயரையும் இனி நன்றியுரையில் சேர்ப்போம். அவருக்குரிய பயிற்சியையும் பொறுப்பையும் தருவோம். நடுவில் நிற்பவர் சிறந்தால் சபை சிறக்கும்.